அமைச்சர் ஹாகெடோர்னும் ரோசலிண்டெச் சுரங்கத்தின் தண்ணீரும்

இந்த இரங்கல் கூட்டத்துக்குத் தலைமை ஏற்றிருக்கும் சுரங்கத் தொழிலாளர் மன்றத் தலைவர் டெர்போர்க் அவர்களே! எனக்கு முன் பேசி அமர்ந்திருக்கும் நகரமன்றப் பெருமக்களே! முதல் வரிசையில், கண்ணீரை யாருக்கும் காட்டாமல் நிமிர்ந்து உட்கார்ந்திருக்கும் ஒட்டீலி ஹாகெடோர்ன் அம்மையார் அவர்களே! நாற்காலி கிடைக்காமல் சுவரோரம் நிற்கும் ரோசலிண்டெச் சுரங்கத்துத் தோழர்களே, அவர்களின் மனைவிமாரே! அழைப்பில்லாமல் வந்து, மேடை ஓரத்தில் குறிப்பேட்டோடு அமர்ந்திருக்கும் காவல்துறை அதிகாரி அவர்களே! அனைவருக்கும் என் வணக்கம்.

நம் லோரென்ஸ் ஹாகெடோர்ன் போய்விட்டார்.

ஜெர்மன் நாட்டின் பொருளாதார அமைச்சராகப் பதினான்கு மாதம் இருந்தவர். அதற்கு முன் இந்த ஃபெல்பெக் ஊரின் கரித்தூளை நாற்பது வருடம் மூச்சில் இழுத்தவர். சென்ற வியாழக்கிழமை எஸ்ஸன் நகரத்தில், சுரங்கக் கம்பெனியின் தலைமை அலுவலகத்தில், பார்வையாளர் பெஞ்சில் உட்கார்ந்தபடியே இறந்துபோனார். காலை ஒன்பது மணிக்கு உள்ளே போனவர். அவர் உயிரோடு இல்லை என்பதை மாலை நான்கு மணிக்குத்தான் அந்த அலுவலகம் கண்டுபிடித்தது.

எதற்காகப் போனார்? ரோசலிண்டெயில் ஊறும் தண்ணீரை இறைக்கும் பம்புகளை இன்னும் மூன்று மாதம் ஓட விடுங்கள் என்று கேட்கப் போனார். அங்கே கரி வெட்டுவது நின்று ஐந்து மாதம் ஆகிறது. பம்புகள் மட்டும்தான் ஓடுகின்றன. அவை ஓடும்வரை ரோசலிண்டெ மூடிய சுரங்கம். அவை நின்றால் மூழ்கிய சுரங்கம். மூடியதை ஒரு நாள் திறக்கலாம். மூழ்கியதை யார் திறப்பார்? ஏழு தளமும் தண்ணீரில் நின்றபின், எந்த முதலாளி, எந்த அரசு, எந்தக் கடவுள் வந்து அதை இறைத்துக் கொட்டப்போகிறார்?

நாளைக் காலை ஆறு மணிக்குப் பம்புகளின் மின்சாரத்தை நிறுத்துகிறார்கள். அந்த அறிவிப்பும் அமைச்சர் இறந்த செய்தியும் ஒரே தபாலில் ஊருக்கு வந்தன. மறுநாள் அதே கம்பெனி ஒரு மலர்வளையமும் அனுப்பியது. வெளியே படிக்கட்டில் பார்த்திருப்பீர்கள். உள்ளே கொண்டுவர ஒட்டீலி அம்மையார் சம்மதிக்கவில்லை. "அது வெளியிலேயே நனையட்டும்" என்று சொல்லிவிட்டார்.

நண்பர்களே, எனக்கு முன் பேசியவர்கள் அவரை எளிமையானவர் என்றார்கள். ஒரே கோட்டைப் பத்து வருடம் போட்டார், மூன்றாம் வகுப்பு ரயிலில் போனார், வீட்டின் பின்னால் ஆடு வளர்த்தார் என்றார்கள். எல்லாம் உண்மைதான். ஆனால் அமைச்சர் ஆடு வளர்த்தால் யார் வீட்டுக் குழந்தைக்குப் பால் கிடைக்கும்? ஒரு மனிதன் செத்த பிறகு அவன் கோட்டைப் புகழ்வது, அவன் செய்த வேலையைப் பற்றிப் பேசாமல் தப்பிப்பதற்கு நல்ல வழி. நான் தப்பிக்கப் போவதில்லை. நான் அவருடைய அலுவலகத்தில் கோப்புகளைக் கவனித்தவன். அவர் எழுதியதையும் பார்த்தேன், எழுதாமல் விட்டதையும் பார்த்தேன்.

முதலில் எழுதியதைச் சொல்கிறேன்.

பதினான்கு வயதில் ரோசலிண்டெயில், கரியிலிருந்து கல் பொறுக்கும் வேலையில் சேர்ந்தார். பதினாறில் கீழே இறங்கினார். ஏழாம் தளத்தில் கூரை சரிந்து கால் நசுங்கியபின் கூலிக் கணக்கு எழுதும் அறைக்கு மாற்றினார்கள். இரவுப் பள்ளியில் படித்தார். சங்கத்துக்காகக் கரி விலையையும் ரொட்டி விலையையும் பக்கம் பக்கமாக வைத்துக் கட்டுரை எழுதினார். பிரெஞ்சுப் படை ஊரைப் பிடித்து நம் தெருவில் நின்ற பட்டினி வருடம், நம் குழந்தைகள் நானூறு பேரை ரயிலேற்றி வடக்கே பண்ணை வீடுகளுக்கு அனுப்பினார். என் தங்கை அதில் ஒருத்தி. போகும்போது முழங்கால் எலும்புதான் தெரிந்தது. திரும்பி வந்தபோது கன்னம் தெரிந்தது. அது யார் செய்த வேலை? எந்தச் சிலை செய்தது? எந்தத் தளபதி செய்தான்?

பிறகு நாடாளுமன்றம். பிறகு பெர்லினில் அமைச்சர் நாற்காலி. அவர் பதவியேற்ற முதல் மாதம் சுரங்க முதலாளிகளின் குழு ஒன்று வந்தது. ஒன்பது பேர், ஒன்பது சுருட்டு. குளிர்காலத்துக்கு முன் வீட்டுக் கரி விலையை உயர்த்த வேண்டும் என்று கேட்டார்கள். அவர் எண்களைக் காட்டி மறுத்தார். அதில் ஒருவருக்குக் கோபம் வந்துவிட்டது.

"தப்பா நெனைக்காதீங்க அமைச்சரே, நீங்க பொருளாதாரம் எந்தப் பல்கலைக்கழகத்துல படிச்சீங்க?"

"ரோசலிண்டெயில. ஏழாம் தளம்."

"அப்படி ஒரு கல்லூரி கேள்விப்பட்டதில்லையே!"

"எப்படிக் கேள்விப்படுவீங்க? முதலாளிங்க யாரும் அங்க சேர்றதில்ல. வகுப்பு கொஞ்சம் ஈரமா இருக்கும்."

நான் கதவருகே கோப்போடு நின்றிருந்தேன். சிரிப்பை அடக்க நாக்கைக் கடித்துக்கொண்டேன். அந்தக் குளிர்காலம் வீட்டுக் கரி விலை ஏறவில்லை. இங்கே நிற்கும் பெண்களுக்கு அது நினைவிருக்கும். அடுப்புக்குத்தான் நன்றி தெரியும், செய்தித்தாள்களுக்குத் தெரியாது. அவை அவரைக் "கரிமூட்டை அமைச்சர்" என்று எழுதின.

இனி எழுதாமல் விட்டது. ஒட்டீலி அம்மையார் அவர்களே, இதைச் சொல்லலாமா என்று நேற்று உங்களிடம் கேட்டேன். "சொல்லு. அவரே வீடு வீடாப் போய்ச் சொன்னதுதானே" என்றீர்கள். அதனால் சொல்கிறேன்.

சென்ற ஆண்டு ஜூன் மாதம். ரோசலிண்டெயை மூட அனுமதி கேட்டுக் கம்பெனியின் மனு வந்தது. எங்கள் அலுவலகத்தில் ஒரு வழக்கம் உண்டு. கீழ் அதிகாரி நீலப் பென்சிலில் எழுதுவார். செயலாளர் சிவப்பில் எழுதுவார். அமைச்சர் மட்டும் பச்சையில் எழுதுவார். பச்சைக்கு மேல் வேறு யாரும் ஒரு புள்ளி வைக்கக்கூடாது. இன்னொரு வழக்கமும் உண்டு. பிடிக்காத மனுவை அங்கே யாரும் மறுப்பதில்லை. மறுத்தால் வழக்கு வரும், கேள்வி வரும். அதனால் "மறுபடி வைக்கவும்" என்று தேதி போட்டு அலமாரிக்கு அனுப்புவார்கள். அங்கே மனு தூங்கும். மேசையிலிருந்து அழுக்கு போய்விட்டதாக எல்லோரும் கையைத் துடைத்துக்கொள்வார்கள். ரோசலிண்டெயில் படித்த நம் ஆளையும் அந்த அலுவலகத்துப் பழக்கம் பிடித்துக்கொண்டது.

அது நாடு முழுக்க வங்கிகள் கதவைச் சாத்துவதற்கு முந்தைய நெருக்கடி நாட்கள். அமைச்சர் உடை மாற்றக்கூட வீட்டுக்குப் போகவில்லை. ஒரு மாலை என்னைக் கூப்பிட்டார்.

"ஈவால்ட், நம்ம ஊர் கோப்பு எங்க?"

"உங்க கையில இருக்குங்க ஐயா."

"ஓ, இதுவா! முடியாதுன்னு எழுதினா நாளைக்கே கோர்ட்டுக்கு ஓடுவானுங்க. கொஞ்ச நாள் தூங்கட்டும். ஆறு வாரம் கழிச்சு வை. அதுக்குள்ள கரி விலை தேறும், அவனுங்களே வாபஸ் வாங்கிக்குவானுங்க."

பச்சைப் பென்சிலில் "ஆறு வாரம்" என்று எழுதினார். நான் எடுத்துப்போய் அலமாரியில் வைத்தேன்.

ஐந்தாம் வாரம் கம்பெனியிடமிருந்து கடிதம் வந்தது. "அனுமதி வழங்கியதற்கு நன்றி" என்று இருந்தது. அமைச்சர் அதை இரண்டு முறை படித்தார். "யார் குடுத்தா அனுமதி? நான் குடுக்கலையே!" என்று கத்தினார். ஒரு மூத்த அதிகாரி விதிப் புத்தகத்தைத் திறந்து காட்டினார். தொழில் தொடர்பான மனுவுக்கு நான்கு வாரத்துக்குள் அமைச்சகம் பதில் சொல்லாவிட்டால், கேட்டவருக்கு அனுமதி தந்ததாகவே கொள்ள வேண்டும்.

"எந்த முட்டாள் எழுதினான் இந்த விதிய?"

அந்த மூத்த அதிகாரியே மெல்லச் சொன்னார்: "நீங்கதாங்க ஐயா. இருபத்து நாலாம் வருசம். நாடாளுமன்றக் குழுவுல இருந்தப்போ."

உண்மை. அவர்தான் எழுதினார். நம் தொழிலாளிகளின் மனுக்களை அதிகாரிகள் வருடக்கணக்கில் தூங்கவைத்தார்கள் என்பதற்காக, அந்தத் தூக்கத்தைக் கலைக்க அந்த விதியை எழுதினார். ஏழைக்கென்று செய்த கதவின் வழியே கம்பெனி தலையை நிமிர்த்திக்கொண்டு நடந்துபோனது.

எனக்கு விதி தெரியாதா? தெரியும். நீலப் பென்சில்காரருக்கும் தெரியும், சிவப்புப் பென்சில்காரருக்கும் தெரியும். மூன்று பேரும் அந்தக் கோப்பைப் பார்த்தோம். பச்சைக்கு மேல் எழுதக்கூடாதே என்று மூன்று பேரும் வாயை மூடிக்கொண்டோம். இரண்டாயிரத்து முந்நூறு பேரின் வேலை ஒரு பென்சில் நிறத்துக்குப் பயந்து போனது! உலகத்தில் வேறெங்காவது நடக்குமா இது? எதிரி துப்பாக்கியோடு வந்தால் எழுந்து நிற்போம். வழக்கம் என்ற பெயரில் வந்தால் நாற்காலி எடுத்துப் போடுவோம். இதை என் மீதான குற்றச்சாட்டாகவே இங்கே சொல்கிறேன்.

அமைச்சர் என்ன செய்தார்? அனுமதியை ரத்து செய்ய ஆகஸ்டு முழுக்கப் போராடினார். அமைச்சரவை கைவிட்டது. பதவியை எறிந்துவிட்டு ஊருக்கு வந்தார். பெரிய மனிதர்கள் பதவி போனால் நினைவுக் குறிப்பு எழுதுவார்கள். இவர் நொண்டிக் காலோடு நம் குடியிருப்பின் ஒவ்வொரு கதவையும் தட்டினார். "தப்பு என்னோடது. வேற யாரையும் திட்டாதீங்க" என்றார். சிலர் கதவை முகத்தில் சாத்தினார்கள். ஒரு வீட்டில் பாத்திரம் கழுவிய தண்ணீர் காலடியில் விழுந்தது. யார் வீடு என்று நான் சொல்ல மாட்டேன். அந்த அம்மா இங்கேதான் அழுதுகொண்டிருக்கிறார்.

பம்பு இயக்கும் கசிமிர் நோவாக் வீட்டுக்கு நானும் கூடப் போனேன். கசிமிர் அண்ணனின் நாக்கு உங்களுக்குத் தெரியும்.

"மன்னிப்பா? குடுங்க, வாணலியில போட்டு வறுக்கலாம். கொழுப்பு இருக்கா அதுல?"

"இல்ல கசிமிர்."

"அப்ப உள்ள வாங்க. வாசல்ல நின்னா கதகதப்பு வெளிய போகுது."

உள்ளே போனதும் அமைச்சர் கேட்டார். "இனி என்னதான்யா மிச்சம் இருக்கு?"

"தண்ணிதான் மிச்சம். யோவ் லோரென்ஸ், ஏழாம் தளத்துல கிடந்த ஆளுதானே நீ? அமைச்சரானதும் அது மறந்துபோச்சா? பம்பு ஓடினா ரோசலிண்டெ தூங்குறா. நின்னா செத்தா. அவ்வளவுதான்."

பெரிய பதவி வகித்தவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டு வெகுநாளாகியிருந்தது. அமைச்சர் முகத்தில் அன்றுதான் ரத்தம் ஓடியதைப் பார்த்தேன். அந்த நாள் முதல் பம்புகள்தான் அவருடைய அமைச்சகம். நவம்பரில் ஒரு முறை, டிசம்பரில் ஒரு முறை, எஸ்ஸன் அலுவலகத்தில் கெஞ்சி நாள் வாங்கினார். ஆம், கெஞ்சினார்! ஒரு காலத்தில் இதே ஆட்கள் அவர் அறைக்கு வெளியே தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்கள். மூன்றாம் முறை, சென்ற வியாழக்கிழமை, அவரைப் பெஞ்சில் உட்கார வைத்தார்கள்.

உடலை எடுத்துவர வெள்ளிக்கிழமை நான் போனேன். அங்கிருந்த வாயில்காப்பாளரிடம் கேட்டேன், ஏழு மணி நேரம் ஒரு மனிதன் அசையாமல் இருந்தது கண்ணில் படவில்லையா என்று. பாவம், அந்தக் கிழவர் தொப்பியைக் கழற்றிக்கொண்டு சொன்னார்.

"தூங்குறாருன்னு நெனைச்சேன் தம்பி. இந்தப் பெஞ்சுல வர்ற எல்லாருமே ஒரு கட்டத்துல தூங்கிடுவாங்க. உள்ளேருந்து கூப்பிட்டா எழுப்பலாம்னு இருந்தேன். யாருமே கூப்பிடலையே."

யாருமே கூப்பிடவில்லை! கேட்டீர்களா தோழர்களே? இந்த நாட்டில் அறுபது லட்சம் பேர் வேலையில்லாமல் பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறோம். நம்மை உள்ளேயிருந்து யார் கூப்பிட்டார்கள்? நாம் தூங்குகிறோமா செத்துவிட்டோமா என்று பார்க்க யார் எழுந்து வந்தார்கள்? வரவில்லை. சந்தை முனையில் பழுப்புச் சட்டைக் கட்சிக்காரர்கள்தான் வந்திருக்கிறார்கள். சூப் கொடுக்கிறார்கள். சூப்போடு ஒரு பாட்டும் ஒரு தடியும் கொடுக்கிறார்கள். நம் பிள்ளைகள் வரிசையில் நிற்பதை நான் பார்த்தேன். அவர்களைத் திட்டி என்ன பயன்? ரோசலிண்டெ மூழ்கினால் நாளை மறுநாள் அந்த வரிசை இரட்டிப்பாகும்.

என்ன அதிகாரி அவர்களே? பேச்சு இரங்கலோடு நிற்க வேண்டும் என்கிறீர்களா? ஐயா, நான் வேறு எதைப் பேசிக்கொண்டிருக்கிறேன்? ஒரு மனிதன் எதனால் இறந்தான் என்று சொல்லாமல் இரங்குவது எப்படி? இறந்தவரைப் பற்றிய பேச்சு இன்னும் முடியவில்லை. உட்காருங்கள்.

தலைவர் டெர்போர்க் அவர்கள் அமைச்சருக்கு நினைவுக்கல் வைக்கலாம் என்றார். தந்தி அனுப்பலாம் என்றார். பெர்லினுக்குத் தூதுக்குழு அனுப்பலாம் என்றார். தலைவரே, உங்கள் மனம் நல்லது. ஆனால் கல் செதுக்க ஒரு மாதம். தந்திக்குப் பதில் வர ஒரு வாரம். தண்ணீர் ஆறு மணிக்கு ஏறத் தொடங்கும். இன்னொரு முறை "மறுபடி வைக்கவும்" என்று எழுதப் போகிறோமா?

யார் அது பின்னால்? கசிமிர் அண்ணனா? சொல்லுங்கள், எல்லோருக்கும் கேட்கும்படி சொல்லுங்கள்.

"நம்ம சுரங்கத்து ரெண்டாம் குழிக்கிட்ட பழைய நீராவிப் பம்பு இருக்கு. போருக்கு முன்னாடி ஓடினது. மின்சாரம் வேணாம், கரி போதும். கரிய சுரங்கத்துக் கழிவு மேட்டுலேயே பொறுக்கலாம். நான் நேத்துப் போய் கொதிகலனத் தட்டிப் பாத்தேன்."

தாங்குமா?

"அதை அதுகிட்டதான் கேக்கணும். ஒரு ஷிப்டுக்கு பத்து ஆளு வேணும். ராப்பகலா மூணு ஷிப்டு. நின்னா போச்சு."

எத்தனை நாள் அண்ணே?

"பதினொரு நாள் தாங்கினா நான் குடிக்கிறத விட்டுடுறேன்."

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள், இந்த மண்டபத்தில் இன்று இதுதான் முதல் சிரிப்பு. பதினொரு நாள்! அதற்குள் என்ன நடக்கும்? எனக்குத் தெரியாது. கரி விலை தேறாது. அமைச்சரவைக்கு இதயம் முளைக்காது. கம்பெனி வழக்குப் போடும், வேலிக் கதவைப் பூட்டும், இதோ இந்த அதிகாரி ஆட்களோடு வருவார். வெல்வோம் என்று உங்களுக்கு நான் வாக்குக் கொடுத்தால் நான் பொய்யன். தோற்கத்தான் அதிகம் வாய்ப்பு. ஆனால் மூழ்கும்போது கையைக் கட்டிக்கொண்டு பார்த்தோம் என்று என் பிள்ளைக்கு நான் எப்படிச் சொல்வேன்? நீங்கள் எப்படிச் சொல்வீர்கள்?

எழுதிக்கொள்ளுங்கள் அதிகாரி அவர்களே, ஒரு சொல் விடாமல் எழுதுங்கள். நாங்கள் எதையும் உடைக்கப் போவதில்லை. எதையும் எடுத்துப்போகப் போவதில்லை. தண்ணீர் இறைக்கப் போகிறோம். தண்ணீர் இறைப்பது எந்தப் பிரிவில் குற்றம் என்று தேடி வையுங்கள். நாளைக்கு வந்து சொல்லுங்கள்.

தோழர்களே! அணைந்து இருபது வருடமான கொதிகலனில் நீராவி ஏறப் பதினான்கு மணி நேரம் வேண்டும் என்கிறார் கசிமிர் அண்ணன். இப்போது மணி நான்கு. கணக்குப் போட இரவுப் பள்ளி தேவையில்லை. இந்தப் பேச்சை நான் இன்னும் நீட்டினால், அந்த நேரத்தையும் சேர்த்துக் கொன்றவன் ஆவேன்.

மறைந்த அமைச்சர் லோரென்ஸ் ஹாகெடோர்ன் அவர்களே! உங்கள் பணியைத் தொடர்வோம் என்று கை உயர்த்தி உறுதி சொல்வதுதான் இப்படிப்பட்ட கூட்டங்களின் வழக்கம். வழக்கத்தால் நீங்கள் பட்டது போதும். யாரும் கையை உயர்த்த வேண்டாம். உயர்த்திய கையை எண்ண இங்கே ஆள் உட்கார்ந்திருக்கிறார்.

கூட்டம் முடிந்ததும், இறந்தவர் நினைவாகக் கூடிக் குடிக்கும் கல்லறைக் காபிக்கு எல்லோரும் போவது நம் ஊர் வழக்கம். அம்மையார் நேற்றே அதற்குக் கேக் சுட்டு வைத்திருக்கிறார். இந்த வாசலைத் தாண்டி இடது பக்கம் திரும்பினால் அந்தக் காபி. வலது பக்கம் திரும்பினால் இரண்டாம் குழி. இடது பக்கம் போகிறவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். பிள்ளை குட்டிக்காரர்கள், பயம் நியாயமானது. எனக்கும் இருக்கிறது.

என்ன ஒட்டீலி அம்மா? எழுந்து நின்று சொல்லுங்கள்.

"காபிய ரெண்டாம் குழிக்கே கொண்டு வந்துடுறேன்னு சொன்னேன். இடது பக்கம் போனா அங்க யாரும் இருக்க மாட்டோம்."

நன்றி அம்மா. நான் மேடையை விட்டு இறங்குகிறேன். வலது பக்கம் நடக்கப் போகிறேன். எத்தனை பேர் வருகிறார்கள் என்று திரும்பிப் பார்க்க மாட்டேன். பார்த்தால் கால் நின்றுவிடும். காலடிச் சத்தத்தை வைத்துத் தெரிந்துகொள்கிறேன்.